பார்க்கக் கூடாத இடம்

“என்னளா, எங்க கெளம்பிட்ட?” என்று மேலேயிருந்து குரல் வந்தபோது தங்கபுஷ்பம் மாற்றுச் சேலையை மடித்துக் கூடைக்குள் வைத்துக்கொண்டிருந்தாள். கை ஒரு கணம் நின்றுபோனது. நிற்கக் கூடாது, நின்றால் நின்றது தெரியும் என்று உடனே அந்தக் கையை மறுபடி ஓட்டி, சேலையில் இல்லாத சுருக்கத்தை நீவிவிட்டாள். ஹால் சுவரின் மூலையில், ட்யூப்லைட்டுக்குப் பக்கத்தில், ஒரு கொழுக்கட்டை அளவுக்கு வெள்ளையாய் ஒட்டிக்கொண்டிருந்தது அந்தக் கேமரா. அதற்குள்ளிருந்துதான் மஸ்கட்டில் இருக்கிற அவள் புருஷன் நம்பிராஜன் பேசினார். பதில் சொல்லும்போது எங்கே பார்ப்பது என்பது அவளுக்கு இன்றுவரை பிடிபடவில்லை. அந்தக் கண்ணையே பார்த்துப் பேசினால் எதிர்த்துப் பேசுகிற மாதிரி இருக்கும், தரையைப் பார்த்தால் எதையோ ஒளிக்கிற மாதிரி இருக்கும். அதனால் நேர்கீழே தொங்கிய காலண்டரைப் பார்த்துப் பேசப் பழகியிருந்தாள். “ஆத்துக்குங்க. நேத்தே சொன்னம்லா. உங்க முட்டுவலிக்கு நேர்ந்துகிட்டது. செவ்வாய்க்கெழம ஆத்துல முழுகி, முருகனைக் கும்பிட்டுட்டு வாரேன்னு.” குரல் சரியாகத்தான் வந்தது. 

“வீட்டுல குளிச்சா சாமி ஏத்துக்கிட மாட்டாராமா?” என்று சிரித்தார். சிரிப்பு கொஞ்சம் தாமதமாக, உடைந்து உடைந்து வந்து சேர்ந்தது. “தனியாவா போற? வேலாயுதத்த பைக்க எடுத்துட்டு வரச் சொல்லட்டா?”

வேலாயுதம் அவருடைய தம்பி, அடுத்த தெருவில் சிமெண்ட் கடை வைத்திருக்கிறவன். அந்தப் பேரைக் கேட்டதும் அவள் கால் பெருவிரல் தானாகத் தரையை அழுத்தியது. கால் தெரியாது, சோபா மறைக்கும், கால் மட்டும் இந்த ஹாலில் எப்போதும் அவளுடையது. “பொம்பளைய குளிக்கற எடத்துல கொழுந்தன் வந்து நின்னா நாலு பேரு என்ன சொல்லுவாவ?” என்றாள் காலண்டரிடம். நாலு பேர் என்ற வார்த்தைக்கு அவரிடம் எப்போதுமே மதிப்பு உண்டு. அந்த நாலு பேருக்காகத்தானே, பிடித்தவனோடு போன பெற்ற பிள்ளையை உயிரோடு இருக்கும்போதே செத்துப்போனவள் என்று சொல்லிக் காரியம் செய்தார். “சரி சரி. போன ஆஃப் பண்ணிராத. கையிலயே வச்சுக்க” என்றார். குரல் நின்றது. கேமராவின் நீல வெளிச்சம் நிற்கவில்லை. குரல் போய்விட்டால் ஆளும் போய்விட்டார் என்று ஆரம்பத்தில் நினைத்து அவள் பட்ட பாடு கொஞ்சமில்லை. அப்படி நினைத்துத்தான் ஒருநாள் மகளுடைய பழைய சுரிதாரை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள், சாயங்காலம் வேலாயுதம் வந்து, “அண்ணன் சொன்னாரு மைனி, வேண்டாத துணியெல்லாம் வீட்டுல இருக்காமே” என்று அந்த அலமாரியையே காலி செய்து எடுத்துக்கொண்டு போனான்.

கதவைப் பூட்டினாள். பூட்டும்போது இழுத்துப் பார்த்தாள், இழுத்துப் பார்க்கவில்லையென்றால் ஏன் அவசரம் என்று கேள்வி வரும். வாசல் கேட்டுக்கு மேலே ஒன்று இருக்கிறது, அதைத் தாண்டி எதிர்வீட்டுக்காரர்கள் வைத்திருக்கிறது ஒன்று, அது அவர்கள் காருக்காக வைத்தது, ஆனாலும் இவள் வாசலைத்தான் பார்க்கிறது. தெரு முனைவரை நடந்ததும், நடை வேகமாகிவிட்டதோ என்று தோன்றிக் கொஞ்சம் மெதுவாக்கினாள். முழுகப் போகிறவள் எப்படி நடப்பாள்? இத்தனை வருஷம் கோயிலுக்கும் குளத்துக்கும் நடந்தவள்தான், எப்படி நடந்தோம் என்று இப்போது யோசித்தால் ஞாபகம் வரவில்லை, யாராவது பார்க்கிறார்கள் என்று தெரிந்தவுடன் கையை எங்கே வைத்துக்கொள்வது என்றே தெரியாமல் போய்விடுகிறது, கல்யாண வீட்டில் வீடியோக்காரன் விளக்கை முகத்தில் அடித்தால் சாப்பிடுகிற வாய் கோணிக்கொள்ளுமே, அந்த மாதிரி, ஆனால் அந்த விளக்கு அணையவே இல்லை, இரண்டு வருஷமாக அவள் பந்தியில் உட்கார்ந்தே இருக்கிறாள், வாயில் வைத்தது இன்னும் இறங்கவில்லை. பஸ் வந்தது. ஏறி ஜன்னலோரம் உட்கார்ந்து கூடையை மடியில் வைத்தாள். கூடைக்குள் சேலை, துண்டு, மஞ்சள், அதற்கு அடியில், துண்டின் மடிப்புக்குள், ஒரு குழந்தைக்கு இடுப்பில் கட்டுகிற கறுப்புக் கயிறு. அதை வாங்கும்போது கடைக்காரன் “யாருக்கும்மா, பேரனா பேத்தியா” என்று கேட்டான், அவள் “பக்கத்து வீட்டுக்கு” என்றாள், சொல்லிவிட்டுத்தான் கடையின் மேல்மூலையைப் பார்த்தாள், அங்கேயும் ஒன்று இருந்தது.

பேத்தி. இந்தச் சேதியை அவள் ஒரே ஒருமுறைதான் சத்தமாகக் கேட்டிருக்கிறாள், சத்தமாக என்றால் காதோடு. ஜாக்கெட் தைக்கிற செல்வராணி, அளவெடுக்க டேப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, திரைக்குப் பின்னால் அவளை நிற்க வைத்து, அக்குளைச் சுற்றி டேப்பை இழுத்தபடியே, “எக்கா, வினோதினி போன் பண்ணினா. பொம்பளப் பிள்ள. ரெண்டு பேரும் சுகமா இருக்காவளாம்” என்றாள். தங்கபுஷ்பத்தின் முகத்தில் ஒன்றும் வரவில்லை. திரைக்குப் பின்னால்தான் நிற்கிறோம், இங்கே ஒன்றும் இல்லை என்று தெரிந்தும் வரவில்லை, “கை கொஞ்சம் லூசா வையி” என்றுதான் வாய் சொன்னது. வீட்டுக்கு வந்து, சமையலறையில் ஃபிரிட்ஜுக்கும் சுவருக்கும் இடையில் இருக்கிற சந்தில் போய் நின்றாள். சமையலறையில் இருக்கிற கண்ணுக்கு அந்தச் சந்து எட்டாது என்பதை ஒருநாள் அவரே சொல்லித்தான் தெரிந்துகொண்டாள், “அங்கன நின்னுட்டு என்ன பண்ணுத, ஆளே தெரியல” என்று கேட்டபோது, “ஒட்டடை அடிக்கேன்” என்று சொல்லிவிட்டு மனசுக்குள் அந்த இடத்தைப் பத்திரப்படுத்திக்கொண்டாள். அன்றைக்கு அந்தச் சந்தில் நின்று ஒரு கை சீனியை அள்ளி வாயில் போட்டுக்கொண்டாள். பேத்தி பிறந்ததற்கு அவள் கொண்டாடியது அவ்வளவுதான். சீனி கரைகிறவரை நின்றாள். நெடுநேரம் நிற்க முடியாது, ஆள் காணவில்லையென்றால் மேலேயிருந்து குரல் வரும். அவளுக்குச் சர்க்கரை நோய் வேறு, சீனி டப்பா குறைந்திருப்பது தெரியுமோ என்று அன்று முழுவதும் பயந்தாள். சீனி டப்பாவை யார் பார்ப்பார்கள்? பார்ப்பார்கள். எட்டுக்கால் பூச்சி ஒன்று அந்தக் கண்ணின்மேல் வலை பின்னியபோது காப்பி ஆறுவதற்குள் போன் வந்தது, “தொடச்சு விடு” என்று. ஸ்டூலைப் போட்டு ஏறித் துடைத்தாள். துடைக்கும்போது அவள் முகம் அவருக்கு எவ்வளவு பெரிதாகத் தெரிந்திருக்கும் என்று இப்போது, பஸ் மேம்பாலத்தில் ஏறும்போது, நினைத்துப் பார்த்தாள்.

அவர் கெட்டவர் இல்லை என்று சொல்லிக்கொண்டாள். இதை அவள் அடிக்கடி சொல்லிக்கொள்வாள், சொல்லும்போதெல்லாம் பின்னாலேயே வேறு ஒன்று வந்து நிற்கும். கெட்டவர் இல்லை, பாலைவனத்தில் கிடந்து குடும்பத்துக்காக உழைக்கிற மனுஷன், தனியாக இருக்கிறாளே என்று பயந்து வைத்ததுதான். அப்படித்தான் எல்லாரிடமும் சொன்னார், எல்லாரும் “கொடுத்து வச்சவ நீ” என்றார்கள். ஆனால் மாட்டிய அன்றைக்கு வேலாயுதம், டைனிங் டேபிளின்மேல் நியூஸ்பேப்பரில் சுற்றிய நீளமான ஒன்றை வைத்தான், வைத்தபோது பலகையில் இரும்புச் சத்தம் கேட்டது. “இந்தப் பக்கம் அவ வந்தான்னா ஒரு போன் போட்டிருங்க மைனி. பெறவு எங்க பாடு” என்று சிரித்துக்கொண்டே சொல்லி, தண்ணீர் கேட்டுக் குடித்தான். அந்தச் சிரிப்புக்குப் பிறகுதான் அவளுக்குப் புரிந்தது, இது திருடனைப் பார்க்க வைத்த கண் இல்லை, மகள் வருவாள் என்று வைத்த கண், தாயைத் தூண்டில்புழுவாகக் கோர்த்துப் போட்டுவிட்டுக் கரையில் காத்திருக்கிறார்கள். அதனால்தான் “வராதே” என்று செல்வராணியிடம் சொல்லி அனுப்பினாள், மறுபடியும் மறுபடியும் சொல்லி அனுப்பினாள். மகளும் தாயின் பிடிவாதத்தைக் கொண்டுதான் பிறந்திருக்கிறாள். “பிள்ளைய ஒரு தடவ காட்டிட்டுப் போயிருதேன், எங்கன்னு மட்டும் சொல்லச் சொல்லுங்க” என்று கேட்டுவிட்டாள்.

எங்கே? ஒரு தாயும் மகளும் கொஞ்ச நேரம் உட்கார இந்தத் திருநெல்வேலியில் எங்கே இடம் என்று அவள் நாள்கணக்கில் யோசித்தாள். பூண்டு உரிக்கும்போது யோசித்தாள், உரிக்கிற கை நின்றுவிடாமல் பார்த்துக்கொண்டே யோசித்தாள். கோயிலில் வைக்கலாமென்றால் பிரகாரம் முழுக்க வைத்திருக்கிறார்கள், சிலை திருடுகிறவனுக்காக. ஜவுளிக்கடையில் நுழைகிற இடத்திலேயே டிவியில் நம் முகம் வருகிறது. பஸ் ஸ்டாண்ட், ஆஸ்பத்திரி, ஹோட்டல், எல்லாவற்றிலும் சிரித்த முகத்தோடு ஒரு போர்டு, ‘நீங்கள் கண்காணிக்கப்படுகிறீர்கள்’ என்று, ஏதோ ‘நல்வரவு’ என்று எழுதுகிற மாதிரி எழுதியிருக்கிறார்கள். அதிலே எல்லாம் இருக்கிற படத்தை மஸ்கட்டில் அவர் பார்க்க முடியாது என்று அவளுக்கும் தெரியும். ஆனால் வேலாயுதத்துக்கு ஊரில் தெரியாத ஆள் கிடையாது, அவன் கேட்டால் ஒரு கடைக்காரன் எடுத்துக் காட்டமாட்டானா? போனை வீட்டில் வைத்துவிட்டு எங்காவது போகலாம் என்றால், போனை வைத்துவிட்டு அவள் எங்கும் போகக் கூடாது, “நீ போற எடமெல்லாம் இங்க மேப்புல நீலப் புள்ளியாத் தெரியும், பயப்படாத” என்று சொல்லியிருக்கிறார். பயப்படாத. அப்போ புள்ளி போகத்தக்க இடமாக இருக்க வேண்டும், புள்ளி போய் நிற்கத்தக்க இடமாகவும் இருக்க வேண்டும், கண் மட்டும் இருக்கக் கூடாது. ஒருநாள் குளியலறையில் சேலை மாற்றும்போதுதான் அது வந்தது. வீட்டில் அந்தக் குளியலறையில் மட்டும் வைக்கவில்லை, வைக்க முடியாது. அப்படியென்றால் ஊரில் வைக்க முடியாத இடம்? படித்துறையில் பொம்பளைகள் துணி மாற்றுகிற அறை. அந்த நினைப்பு வந்ததும் அவளுக்குச் சந்தோஷம் வரவில்லை, பயம்தான் வந்தது, நினைத்தது முகத்தில் ஒட்டிக்கொண்டிருக்குமோ என்று கண்ணாடியைத் துடைத்துப் பார்த்துக்கொண்டாள். பிறகு நாளைத் தேடினாள். வெள்ளிக்கிழமை அவருக்கு அங்கே லீவு, லீவு நாளில் அந்தக் கண் இமைக்கவே இமைக்காது. செவ்வாய் என்றால் டூட்டி, முருகனுக்கும் உகந்த நாள். அவருடைய முட்டுவலியையே எடுத்து நேர்ச்சை ஆக்கி, செல்வராணியிடம் இடத்தையும் நாளையும் சொல்லி அனுப்பினாள். புருஷனுடைய வலியை வைத்துப் பொய் சொன்ன வாய் இது என்று நினைத்தபோது பஸ்ஸில் முன்சீட்டில் இருந்த ஒருவன் போனை நெட்டுக்குத்தாகத் தூக்கிப் பிடித்தான்.

செல்ஃபி எடுக்கிறான். இல்லை, பின்னால் இருக்கிறவர்களை எடுக்கிறான். போனின் முதுகு அவனைப் பார்க்கிறதா, முகம் பார்க்கிறதா? தங்கபுஷ்பம் ஜன்னல் பக்கம் திரும்பினாள், திரும்பியதும் சந்தேகப்படும்படி திரும்பிவிட்டோமோ என்று மறுபடி நேரே பார்த்தாள். சிவந்த சட்டை, கழுத்தில் கயிறு, இவனைச் சிமெண்ட் கடையில் பார்த்திருக்கிறேனா? மூட்டை ஏற்றுகிறவன் ஒருவன் இப்படித்தான் இருப்பான். இப்படித்தான் இருப்பானா, அல்லது இப்போது பயத்தில் அவனுக்கு இந்த முகத்தைப் போடுகிறேனா? அவன் போனைத் தாழ்த்திச் சிரித்துக்கொண்டான், யாரோ ஒரு பெண்ணின் குரல் அதிலிருந்து “சிக்னலே இல்ல” என்றது. காதலிக்கிற பையன். மூச்சை விட்டாள். விட்ட மூச்சுக்குப் பின்னாலேயே, வினோதினியும் இப்படித்தானே ஒருநாள் மொட்டை மாடியில் போனைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சிக்னல் இல்லை என்று சிரித்தாள், அப்போது துணி காயப்போட்டுக்கொண்டிருந்த நான் பார்த்தும் பார்க்காத மாதிரி இறங்கி வந்தேனே, என்ற நினைப்பு வந்தது. பார்த்தும் பார்க்காமல் இருப்பது. அப்படி ஒன்று அந்த வீட்டில் இருந்தது. பிள்ளை தூங்கும்போது கதவைச் சாத்திவிட்டுப் போவது, அவள் அழுதுவிட்டு வந்த முகத்தைப் பார்த்து “பசிக்கா?” என்று மட்டும் கேட்பது. இப்போது அந்த வீட்டில் எல்லாவற்றையும் பார்க்க ஆள் இருக்கிறது, பார்க்காத மாதிரி இருக்கத்தான் ஆள் இல்லை.

ஸ்டாப்பில் இறங்கி ஆற்றுக்குப் போகிற பாதையில் நடந்தாள். பின்னால் பைக் சத்தம். வேலாயுதத்தின் பைக் கொஞ்சம் இருமுகிற மாதிரி ஓடும், இதுவும் இருமியது. திரும்பக் கூடாது. திரும்பாமல் இருக்கவும் முடியாது. அவர் போன் பண்ணியிருப்பார், “மைனி பின்னால போ, காட்டிக்கிடாத” என்று சொல்லியிருப்பார், நான்தான் நாலு பேரு என்று பெரிய கெட்டிக்காரியாகப் பேசினேன், அவன் இப்போது என் பின்னாலேயே வந்து என் முதுகைப் பார்த்துக்கொண்டே அந்தப் பிள்ளைவரைக்கும் வரப்போகிறான், நானே கூட்டிக்கொண்டு போகிறேன், தூண்டில்புழு தானே நீந்திப் போய் மீனின் வாயைக் காட்டுகிறது. திரும்பிப் போய்விடலாமா? திரும்பினால் முழுகாமல் ஏன் திரும்பினாய் என்று கேள்வி. பைக் அவளைத் தாண்டியது. பால் கேன் இரண்டு பக்கமும் ஆட, வெள்ளை வேட்டிக்காரர் ஒருவர். அவள் ஒரு மின்கம்பத்தைப் பிடித்துக்கொண்டு நின்றாள். வியர்வை முதுகில் இறங்கியது. நிழலில் காய் கூறு வைத்திருந்த பெண், “என்னம்மா, தல சுத்துதா?” என்றாள். “இல்ல, வெயிலு” என்று சொல்லிவிட்டு நடந்தாள்.

அந்த அறை படித்துறைக்கு மேலே, கூரை இல்லாத நாலு சுவராக இருந்தது. பச்சைப் பெயிண்ட் அடித்த தகரக் கதவு, தாழ்ப்பாள் கிடையாது. உள்ளே ஈரச் சிமெண்டும் சோப்பும் மஞ்சளும் கலந்த வாடை. பாவாடையை நெஞ்சுவரை ஏற்றிக் கட்டிய ஒரு பருத்த பொம்பளை தலையைத் துவட்டிக்கொண்டிருந்தாள். திண்டில், துப்பட்டாவைத் தலையில் போட்டு, மஞ்சள் துண்டில் சுற்றிய ஒன்றை மடியில் வைத்துக்கொண்டு வினோதினி. தங்கபுஷ்பம் முதலில் மகளைப் பார்க்கவில்லை. நிமிர்ந்து சுவரின் நாலு மூலைகளையும் பார்த்தாள். ஒவ்வொரு மூலையாகப் பார்த்தாள். வானம் இருந்தது. ஒரு காக்கா சுவர்மேல் வந்து உட்கார்ந்து தலையைச் சாய்த்துக் கீழே பார்த்தது, அதையும் கையை வீசி விரட்டினாள். பிறகு கூடையை வைத்துவிட்டு, மகளுக்குப் பக்கத்தில், அவளைப் பார்க்காமல், எதிர்ச்சுவரைப் பார்த்தபடி உட்கார்ந்து துண்டை எடுத்து உதறினாள்.

“எம்மா” என்றாள் வினோதினி.

“ம். எப்ப வந்த? ஒன் வீட்டுக்காரரு எங்க?” உதடு அசையவில்லை.

“ஸ்டேஷன்ல நிக்காரு. சாயங்கால வண்டிக்குத் திருப்பூர் திரும்பிருவோம். எம்மா, ஏன் இப்படிப் பேசுத? என்னயப் பாரும்மா. இங்க நம்மளத் தெரிஞ்ச ஆளு யாருமில்ல.”

“பாத்துட்டுத்தான் இருக்கேன்.”

“செவத்தப் பாக்க நீ.”

திரும்பினாள். மகள் இளைத்திருந்தாள், கழுத்தெலும்பு தெரிந்தது, கண்ணுக்குக் கீழே கறுத்திருந்தது, தூங்கி எத்தனை நாளாயிற்றோ, பிள்ளைபெற்ற உடம்புக்கு யார் இவளுக்குக் காயமருந்து அரைத்துக் கொடுத்தார்கள், யார் வெந்நீர் ஊற்றினார்கள். இதெல்லாம் உள்ளே ஓடியது, ஓடி முகத்துக்கு வரும் வழியில் எங்கேயோ நின்றுவிட்டது. அழ வேண்டும் என்று நினைத்தாள். எப்படி ஆரம்பிப்பது? உதட்டின் எந்தப் பக்கம் முதலில் கோணும்? இரண்டு வருஷமாகக் காலண்டருக்குக் காட்டிய முகம் கழுத்தோடு ஒட்டிப்போய்விட்டது. வினோதினி அவள் கன்னத்தில் கையை வைத்தாள், வைத்துவிட்டுப் பயந்தவள் மாதிரி எடுத்துக்கொண்டாள். “என்ன செஞ்சு வச்சிருக்காவ உன்ன” என்றாள்.

அப்போது போன் அடித்தது. தங்கபுஷ்பம் மகளிடம் உதட்டில் விரலை வைத்துக் காட்டினாள். எடுக்காமல் இருக்க முடியாது. “சொல்லுங்க.”

“முழுகியாச்சா? புள்ளி அங்கனயே நிக்கி.”

“இன்னும் இல்லங்க. கூட்டமா இருக்கு. எடம் கெடைக்கணும்.”

மடியிலிருந்த குழந்தை முழித்துக்கொண்டது. முதலில் பூனை மாதிரி ஒரு சிணுங்கல், வினோதினி அள்ளி நெஞ்சோடு அமுக்குவதற்குள் வீறிட்டது, கூரையில்லாத அந்த அறை முழுக்க நிறைந்து வழிந்தது அழுகை. அது போனுக்குள்ளும் போயிற்று. பிறகு, மெதுவாக, “யாரு பிள்ளளா அது?”

“யாரோ ஒருத்தி பிள்ளங்க” என்றாள். மகளைப் பார்த்துக்கொண்டேதான் சொன்னாள். வினோதினி தலையைக் குனிந்துகொண்டாள். அந்தக் குனிவை நினைத்துப் பார்க்க நேரமிருந்திருந்தால் தங்கபுஷ்பம் செத்திருப்பாள்.

“வீடியோல வா.”

“இங்க எப்படிங்க?”

“எப்படின்னா? வான்னா வா.”

“பொம்பளைய துணி மாத்துத ரூம்புங்க இது.”

“எனக்கு அவளுகளப் பாக்கணும்னா ஆச? உன் மூஞ்சியக் காட்டு, போதும். அந்தப் பிள்ளையையும் காட்டு.”

போனைக் காதோடு அமுக்கிக்கொண்டாள். காட்டினால் முடிந்தது. காட்டாவிட்டாலும் முடிந்தது, வேலாயுதத்துக்கு இங்கே வர எவ்வளவு நேரமாகும், கடையைச் சாத்த வேண்டாம், பையன் இருக்கிறான், பைக்கை மிதித்தால் போதும், அந்த நியூஸ்பேப்பர் பொட்டலத்தை எங்கே வைத்திருக்கிறான், கடையிலா, வீட்டிலா. போனைக் கீழே போட்டு உடைத்துவிடலாமா? தண்ணீரில் விழுந்துவிட்டது என்று சொல்லலாமா? இத்தனையும் ஓடிக்கொண்டிருக்கும்போதே அவள் வாய், அவளைக் கேட்காமல், “காட்ட மாட்டேன்” என்றது.

“என்னது?”

“இங்க பாக்கக் கூடாதுங்க. நீங்க இங்க பாக்கக் கூடாது.”

இருபத்தெட்டு வருஷக் கல்யாண வாழ்க்கையில் அவரிடம் அவள் சொல்லாத வாக்கியம் அது. சொன்னது யார் என்று அவளே சுற்றிப் பார்த்தாள். தலை துவட்டிக்கொண்டிருந்த பருத்த பொம்பளை, இவ்வளவு நேரமும் முதுகைக் காட்டிக்கொண்டிருந்தவள், திரும்பி மூன்று பேரையும் ஒரு பார்வை பார்த்தாள். பார்த்தவளுக்கு என்ன புரிந்ததோ, துண்டைத் தோளில் அடித்துப் போட்டுக்கொண்டு படித்துறையே கேட்கிற மாதிரி தொண்டையைத் திறந்தாள். “ஏ, யாருட்டி அது போனத் தூக்கிப் புடிச்சிட்டு நிக்கவ? இங்க பொம்பளைய துணியில்லாம நிக்கோம், உனக்கு வீடியோவா கேக்கு? எந்தப் பயடி அது அந்தப் பக்கம்? குடு போன, நான் கேக்கேன் அவன! பொம்பளைய குளிக்கத எடத்தப் படம் புடிக்கச் சொல்லுதானே, அவனுக்கு அக்கா தங்கச்சி கெடையாதா? போலீசக் கூப்புடுவேன், ஆமா!” சொல்லிக்கொண்டே பக்கத்தில் வந்து, போனுக்கு நேரே இன்னும் கத்தினாள். அவள் பேச்சில் குழந்தையின் அழுகை மூழ்கிப்போனது.

“யாருளா அவ?” என்றார் நம்பிராஜன். குரல் சுருங்கியிருந்தது.

“கேட்டீங்கள்லா? எல்லாரும் சத்தம் போடுதாவ.”

“சரி, வை. வீட்டுக்குப் போயி ஹால்ல வந்து நில்லு. பேசணும் உன்கிட்ட.” வைத்துவிட்டார்.

பருத்த பொம்பளை ஒன்றும் கேட்கவில்லை. கதவுக்குப் போய், அதில் முதுகைச் சாய்த்து, வெளியே யாரும் தள்ளாதபடி நின்றுகொண்டாள். “வெரசாப் பாரும்மா பிள்ளைய” என்று மட்டும் சொன்னாள்.

தங்கபுஷ்பம் கையை நீட்டினாள். அந்தச் சின்ன உடம்பு கைக்கு வந்ததும் சூடு முதலில் தெரிந்தது, பிறகு பால் வாடை, பிறகு கனம், இவ்வளவுதானா கனம், இதற்காகவா ஊரெல்லாம் கண். நெற்றியில் ஒரு மயிர்ச்சுழி, வினோதினிக்கும் அதே இடத்தில்தான். குழந்தை அழுகையை நிறுத்திவிட்டு அவளைப் பார்த்தது. அது பார்த்த பார்வையில் கேள்வி எதுவும் இல்லை, எங்கே போனாய், யாரோடு பேசினாய், ஏன் இவ்வளவு நேரம் என்று எதுவும் இல்லை. வெறுமனே பார்த்தது. இப்படி ஒரு கண்ணுக்கு முன்னால் நின்று எவ்வளவு நாளாயிற்று என்று அவளுக்குத் தெரியவில்லை. கறுப்புக் கயிற்றை எடுத்து அதன் இடுப்பில் கட்டினாள், முடிச்சு விழாமல் மறுபடி கட்டினாள்.

“பேரு கேக்கலியேம்மா நீ” என்றாள் வினோதினி. “அவளுக்கு நாங்க—”

தங்கபுஷ்பம் மகளின் வாயைப் பொத்தினாள். “சொல்லாதட்டி.”

வினோதினியின் கண் விரிந்தது.

“சொல்லாத. தெரிஞ்சா வாயில வந்திரும். தூக்கத்துல வந்திரும். அந்த வீட்டுல சொவருக்கெல்லாம் காது மாட்டி வச்சிருக்கு. தெரியாதது வாயில வராது பாரு.” சொல்லச் சொல்ல அவள் உள்ளங்கையில் மகளின் கண்ணீர் இறங்கியது. கையை எடுக்காமலேயே, “போ. ஸ்டேஷனுக்கு நேரா போகாத, பாலத்து வழியா ஆட்டோவுல போ. சாயங்கால வண்டிக்கு நிக்க வேண்டாம். எந்த வண்டி கெடைச்சாலும் ஏறிருங்க. இனிமே வராத” என்றாள். பிறகு, “நல்லாருக்கா பிள்ள. ஒன்ன மாதிரி” என்றாள்.

அவர்கள் போனதும் அறை பெரிதாகிவிட்டது. கதவிலிருந்து விலகிய பொம்பளை கூடையை எடுத்துக்கொண்டு, “வாரேன்மா” என்றாள், அவ்வளவுதான், பேர்கூடச் சொல்லவில்லை. தங்கபுஷ்பம் படிகளில் இறங்கினாள். முழுகாமல் போக முடியாது, தலை நனையாமல் அந்த ஹாலில் நிற்க முடியாது. ஹாலில் நிற்க வேண்டும். என்ன கேட்பார், வேலாயுதமும் இருப்பானா, டேபிளின்மேல் என்ன இருக்கும். கேட்டால் காலண்டரைப் பார்த்து என்ன சொல்வது என்று படிக்குப் படி ஒன்றைத் தயார்செய்தாள், கடைசிப் படியில் எதுவும் மிஞ்சவில்லை. தண்ணீர் முழங்காலுக்கு வந்தது, இடுப்புக்கு வந்தது. கரையில் யார் யாரோ நின்றார்கள், ஒருவன் போனை ஆற்றைப் பார்த்துப் பிடித்திருந்தான். மூக்கைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள்.

உள்ளே பச்சையாக, சத்தமில்லாமல் இருந்தது. அங்கே அவள் முகம் கோணியது. தானாகவே, எந்தப் பக்கம் முதலில் என்று கேட்காமல் கோணியது. மூக்கிலிருந்து கையை எடுத்தாள். பேத்திக்கு ஒரு பேர் வைத்தாள். அவளாகவே, யாரையும் கேட்காமல், அந்த நிமிஷத்தில் வைத்த பேர். வாயைத் திறந்து, மூச்சு உள்ள மட்டும், அந்தப் பேரைச் சொல்லிக் கூப்பிட்டாள். என்ன பேர் என்று அவளைத் தவிர ஒருவருக்கும் தெரியாது, இங்கே எழுதவும் மாட்டேன். மேலே நின்றவர்களுக்குக் கொஞ்சம் குமிழி வந்து உடைந்தது தெரிந்திருக்கும். அவ்வளவுதான். பிறகு எழுந்து, முகத்தை வழித்து, யாராவது பார்த்தார்களா என்று சுற்றிலும் ஒருமுறை பார்த்துக்கொண்டாள்.